உஷார்! உங்கள் வீட்டுக் கடன் எந்த வருடம் முடிகிறது?

வீட்டுக் கடன் கட்டிக்கொண்டிருப்பவர்களிடம் ஒரு கேள்வி. மாதம் எவ்வளவு இ.எம்.ஐ. பிடிக்கிறார்கள் என்பது எல்லோருக்கும் பைசா சுத்தமாகத் தெரியும். அதை விடுங்கள். இன்றைய தேதியில் இன்னும் எத்தனை தவணை பாக்கி? கடைசித் தவணை எந்த வருடம், எந்த மாதம்? வட்டி இப்போது எத்தனை சதவீதத்தில் ஓடுகிறது?

சட்டென்று பதில் வரவில்லை என்றால் உஷாராக வேண்டிய நேரம் இதுதான். நீங்கள் கையெழுத்துப் போட்டது 20 வருடக் கடனுக்கு. அது இப்போதும் 20 வருடக் கடனாகத்தான் இருக்கிறதா என்பதைப் பாஸ்புக்கைப் பார்த்துக் கண்டுபிடிக்க முடியாது. மாதாமாதம் அதே தொகைதானே போகிறது, எல்லாம் சரியாகத்தான் இருக்கும் என்று நாம் நம்பிக்கொண்டிருக்கும்போதே, பின்னால் தவணைகளின் எண்ணிக்கை கூடிக்கொண்டே போயிருக்கலாம். பயமுறுத்துவதற்காகச் சொல்லவில்லை. கொஞ்ச காலத்துக்கு முன்னால் இதுதான் நடந்தது.

கொரோனா காலத்தில், 2020 மே மாதம், ரிசர்வ் வங்கி, தான் வங்கிகளுக்குக் கொடுக்கும் கடனுக்கான ரெப்போ வட்டியை 4 சதவீதத்துக்கு இறக்கியது. இரண்டு வருடம் அது அங்கேயே இருந்தது. வீட்டுக் கடன் 6.75 சதவீதத்துக்கும் அதற்குக் கீழேயும் கிடைத்த காலம் அது. இதை விட்டால் இனி கிடைக்காது என்று பலரும் அப்போது வீடு வாங்கினார்கள். 50 லட்சம் கடன், 20 வருடம், 6.75 சதவீதம் என்றால் மாதத் தவணை 38,018 ரூபாய். சம்பளத்துக்குள் அடங்குகிற தொகை.

2022 மே 4-ம் தேதி ரெப்போ 4.40 ஆனது. அதோடு நிற்கவில்லை. 2023 பிப்ரவரியில் 6.50-க்கு வந்துவிட்டது. ஒன்பதே மாதத்தில் இரண்டரை சதவீத ஏற்றம். ரெப்போவோடு இணைத்த கடன் என்பதால் 6.75 என்றிருந்த வட்டி 9.25 ஆனது. இப்போது கணக்கைப் பாருங்கள். அந்த 50 லட்சத்தில் அசல் 48 லட்சம் மிச்சம் இருக்கிறது என்று வையுங்கள். 9.25 சதவீதத்தில் ஒரு மாத வட்டி மட்டும் 37,000 ரூபாய். கட்டுகிற தவணை 38,018. அசலில் கழிவது 1,018 ரூபாய். தவணையைக் கூட்டாமல் அப்படியே விட்டால் அந்தக் கடன் தீர இன்னும் 39 வருடத்துக்குமேல் ஆகும். 35 வயதில் வீடு வாங்கியவர் 75 வயதிலும் தவணை கட்ட வேண்டும்.

பெரும்பாலான வங்கிகள் 75 வயது வரை விட்டுவைக்காது என்பது உண்மைதான். ஓய்வு பெறும் வயதுவரை எத்தனை வருடம் நீட்ட முடியுமோ அத்தனை நீட்டினார்கள். அதற்குமேல் முடியாதவர்களுக்குத் தவணையை ஏற்றினார்கள். ஆனால் எதைச் செய்தார்கள், எவ்வளவு நீட்டினார்கள் என்று கடன்காரரைக் கூப்பிட்டுச் சொன்னது எத்தனை பேர்? ஒரு எஸ்.எம்.எஸ். வந்திருக்கும். பீட்சா விளம்பரத்துக்கும் ரீசார்ஜ் நினைவூட்டலுக்கும் நடுவே அது கண்ணில் படாமலே போயிருக்கும். தவணைத் தொகை மாறாததால் யாருக்கும் உறைக்கவில்லை.

இதுபற்றிப் புகார்கள் குவிந்த பிறகுதான் 2023 ஆகஸ்ட் 18-ல் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. இதன் சாரத்தையாவது வீட்டுக் கடன்காரர் ஒவ்வொருவரும் தெரிந்துவைத்திருக்க வேண்டும். வட்டி மாறும்போது வங்கி உங்களுக்குச் சொல்லியாக வேண்டும். தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டிலும் கொஞ்சம் கொஞ்சமா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை உங்களுடையது. காலத்தை நீட்டுகிறேன் என்று, கட்டுகிற தவணை அந்த மாத வட்டிக்கே போதாமல் அசல் ஏறிக்கொண்டே போகிற நிலைக்குத் தள்ளக் கூடாது. மூன்று மாதத்துக்கு ஒருமுறை உங்களுக்கு ஸ்டேட்மென்ட் தர வேண்டும். அதில் இதுவரை வசூலான அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, மீதித் தவணை எத்தனை என்ற விவரம் இருக்க வேண்டும். இந்த ஸ்டேட்மென்ட் உங்கள் மெயிலில் எங்கேயோ கிடக்கலாம். திறந்தாவது பார்த்திருக்கிறீர்களா?

அதற்குப் பிறகு காற்று மாறியது. 2025 பிப்ரவரியில் இறங்கத் தொடங்கிய ரெப்போ, அந்த வருடம் டிசம்பரில் 5.25-க்கு வந்தது. இறங்கியது உங்கள் கணக்குக்கு வந்து சேர்ந்ததா என்பது அடுத்த கேள்வி. இங்கேயும் ஒரு சிக்கல் இருக்கிறது. 2019 அக்டோபர் 1-க்குப் பிறகு வங்கியில் ஃப்ளோட்டிங் வட்டியில் வீட்டுக் கடன் வாங்கியிருந்தால், உங்கள் வட்டி ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு இணைந்திருக்கும். குறைந்தபட்சம் மூன்று மாதத்துக்கு ஒருமுறை மாற வேண்டும். அதற்கு முன்னால் வாங்கிய பலருடைய கடன் இன்னும் வங்கியின் சொந்தச் செலவை வைத்துப் போடும் எம்.சி.எல்.ஆர். கணக்கிலோ, அதற்கும் பழைய பேஸ் ரேட்டிலோ ஓடிக்கொண்டிருக்கிறது. அங்கே ஏறுவது வேகமாக ஏறும், இறங்குவது மெதுவாகத்தான் இறங்கும். வங்கியில் வாங்காமல் வீட்டு வசதிக் கடன் நிறுவனங்களில் வாங்கியவர்களுக்கு இந்த வெளி அளவுகோல் விதி கட்டாயமே இல்லை. அந்த நிறுவனங்கள் தாங்களே வைத்துக்கொள்ளும் அடிப்படை வட்டிதான் அளவு. புது வாடிக்கையாளரை இழுக்கக் குறைந்த வட்டி விளம்பரம் செய்துகொண்டே, பத்து வருடமாக ஒழுங்காகக் கட்டுகிற பழைய வாடிக்கையாளரிடம் அதைவிட ஒன்று, ஒன்றரை சதவீதம் கூடுதலாக வாங்கிக்கொண்டிருக்கலாம். கேட்டால்தான் குறைப்பார்கள். சிறு கட்டணம் வாங்கிக்கொண்டு புதிய வட்டிக்கு மாற்றிக்கொடுக்கும் வழி பெரும்பாலான இடங்களில் உண்டு. கேட்காதவருக்கு அதை யாரும் தேடிவந்து சொல்வதில்லை.

வட்டி இறங்கும்போது தவணையைக் குறைக்கச் சொல்லாதீர்கள். தவணை அப்படியே இருக்கட்டும், வருடத்தைக் குறையுங்கள் என்று எழுதிக் கொடுங்கள்.

முதல் பத்து வருடம் எங்கே போகிறது?

வட்டி ஏறவே இல்லை, கடைசிவரை ஒரே வட்டி என்று வைத்துக்கொண்டாலும் வீட்டுக் கடனின் உண்மையான விலை நம்மில் பலருக்குத் தெரிவதில்லை. ஒரு கணக்கு போடுவோம். 50 லட்சம், 8.5 சதவீதம், 20 வருடம். தவணை 43,391. இருபது வருடத்தில் மொத்தம் கட்டுவது 1 கோடியே 4 லட்சம். அதாவது வட்டி மட்டும் 54 லட்சம். பில்டருக்கு ஒரு வீட்டு விலை, வங்கிக்கு இன்னொரு வீட்டு விலை.

இதுவாவது மொத்தமாகப் பார்க்கும்போது தெரிந்துவிடும். தெரியாமல் போவது வேறு. வங்கியிடம் அமார்ட்டைசேஷன் அட்டவணை கேட்டு வாங்குங்கள். 240 வரிகள் இருக்கும். முதல் வரியைப் பாருங்கள். தவணை 43,391. வட்டிக்கு 35,417. அசலுக்கு 7,974. அடுத்த வரியில் அசலுக்கு 8,031. அதற்கடுத்ததில் 8,088. இப்படி மாதம் ஐம்பது, அறுபது ரூபாய் வீதம் ஊர்ந்து ஏறும். பன்னிரண்டாவது வரியின் அடியில் கோடு போட்டுக் கூட்டிப் பார்த்தால், முதல் வருடத்தில் நீங்கள் கட்டியது 5 லட்சத்து 20 ஆயிரம். கடன் குறைந்தது 1 லட்சம்கூட இல்லை.

ஐந்து வருடம் கழித்துப் பார்த்தால் கட்டியது 26 லட்சம், பாக்கி 44 லட்சம். பத்து வருடம் கழித்துக் கட்டியது 52 லட்சம். வாங்கின கடனைவிட அதிகமாகக் கட்டியாகிவிட்டது. பாக்கியோ இன்னும் 35 லட்சம். அசலில் சரிபாதி தீர 13 வருடம் 10 மாதம் ஆகும். இதில் சட்ட விரோதமாக எதுவும் இல்லை. மிச்சமிருக்கும் அசலுக்குத்தான் ஒவ்வொரு மாதமும் வட்டி போடுகிறார்கள். ஆரம்பத்தில் அசல் பெரிது, அதனால் வட்டியும் பெரிது. கணக்கு நேர்மையானதுதான். இதை வாங்குகிற அன்றைக்கே எடுத்துச் சொல்லாததுதான் அநியாயம்.

ஐந்து, ஆறு வருடத்தில் வேலை போய், ஊர் மாறி, வீட்டை விற்க நேர்பவர்கள் அதிர்ந்துபோவது இங்கேதான். "அஞ்சு வருஷமா கட்டியிருக்கேனே சார், பாதியாவது தீர்ந்திருக்காதா?" என்று வங்கி மேனேஜரிடம் கேட்பவருக்குக் கிடைக்கும் பதில் 44 லட்சம்.

"வாடகை கட்டுற காசுல வீடு சார்"

புறநகரில் எந்த சைட்டுக்குப் போனாலும் இந்த வாக்கியத்தைக் கேட்கலாம். கூடவே கடன் ஏற்பாடு செய்துதரும் ஏஜென்ட் கால்குலேட்டரோடு நிற்பார்.

"சார், 20 வருஷம்னா 43 ஆயிரம் வருது. உங்களுக்கு டைட்டா இருக்கும். 30 வருஷம் போட்டுக்கலாம். 38 ஆயிரத்து சொச்சம்தான்."

"முப்பது வருஷமா? ரொம்ப ஜாஸ்தியா தெரியுதேப்பா."

"யார் சார் முப்பது வருஷம் கட்டறாங்க? நடுவுல குளோஸ் பண்ணிக்கலாம்."

இந்தப் பேச்சின் விலையைப் பாருங்கள். 30 வருடத்துக்கு மாற்றினால் மாதம் 4,945 ரூபாய் குறையும். மொத்தத்தில் 34 லட்சம் கூடும். வட்டி மட்டும் 88 லட்சம். அதே கடனை 15 வருடத்துக்கு எடுத்தால் தவணை 49,237. 20 வருடத் தவணையைவிட மாதம் 5,846 ரூபாய்தான் கூடுதல். மிச்சமாவது பதினைந்தரை லட்சம். ஐந்தாயிரம், ஆறாயிரம் என்று மாதக் கணக்கில் பேசும்போது சின்னதாகத் தெரிவது, வருடக் கணக்கில் ஒரு பிள்ளையின் கல்லூரிப் படிப்பைச் சாப்பிட்டுவிடுகிறது. "நடுவுல குளோஸ்" செய்வதும் எல்லோராலும் ஆவதில்லை. பிள்ளைகள் பள்ளிக்குப் போகத் தொடங்கி, அப்பா அம்மாவுக்கு ஆஸ்பத்திரிச் செலவு வந்து, நடுவில் கையில் பணம் நிற்பது அரிது. தவணை சம்பளத்துக்குள் அடங்கவில்லை என்றால் வருடத்தைக் கூட்டுவதைவிட, வீட்டின் விலையைக் குறைப்பதுதான் சரி என்பது என் உறுதியான கருத்து. இரண்டு தெரு தள்ளி, ஒரு அறை குறைச்சலாகப் பாருங்கள். வாடகை வீட்டில் இன்னும் இரண்டு வருடம் இருந்து முன்பணத்தைச் சேருங்கள். அது கௌரவக் குறைச்சல் இல்லை.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். கணவன், மனைவி இருவர் சம்பளத்தையும் சேர்த்துக் கணக்குப் போட்டுத்தான் இன்று பெரிய கடன் கிடைக்கிறது. குழந்தை பிறந்து மனைவி வேலையை விட நேர்ந்தால், ஐ.டி. கம்பெனியில் ஆள் குறைப்பு வந்தால், அந்தக் கணக்கு மறுநாளே பொய்யாகிவிடும். தவணை தவறி 90 நாள் தாண்டினால் கணக்கு வாராக் கடன் ஆகும். 2002-ல் வந்த சர்ஃபேசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ் கொடுத்து, கோர்ட்டுக்குப் போகாமலே வீட்டைக் கையகப்படுத்தி ஏலம் விட வங்கிக்கு அதிகாரம் உண்டு. செய்தித்தாளில் பொடி எழுத்தில் வரும் ஏல அறிவிப்புகளை ஒருநாள் நிதானமாகப் படித்துப் பாருங்கள். எல்லாம் நம்மைப் போன்றவர்களின் வீடுகள். ஒருவர் சம்பளத்தில் மட்டும் தவணை கட்ட முடியுமா என்று பார்த்துக் கடன் வாங்குங்கள். ஆறு மாதத் தவணையைத் தனியாக எடுத்துவைக்காமல் கிரயத்துக்குத் தேதி குறிக்காதீர்கள்.

கடனுக்கு வெளியே நிற்கும் செலவு

65 லட்சம் ரூபாய் வீடு என்று வையுங்கள். 30 லட்சத்துக்குமேல் 75 லட்சம் வரையான கடனுக்கு வீட்டு மதிப்பில் 80 சதவீதம்தான் உச்சவரம்பு. நீங்கள் 50 லட்சம் வாங்கினால் 15 லட்சம் கையிலிருந்து போட வேண்டும். அதோடு முடிந்ததா? தமிழ்நாட்டில் சாதாரணக் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 65 லட்சத்துக்கு 5 லட்சத்து 85 ஆயிரம். இந்த அளவு விலையுள்ள வீட்டுக்குக் கடன் வரம்பைக் கணக்கிடும்போது பத்திரச் செலவைச் சேர்க்கக் கூடாது என்பது விதி. ஆக, ஆரம்பத்திலேயே கையில் 21 லட்சம் வேண்டும். அதற்குமேல் வங்கியின் பிராசஸிங் கட்டணம், அதற்கு 18 சதவீத ஜி.எஸ்.டி., வக்கீல் கட்டணம், மதிப்பீட்டுக் கட்டணம், அடமானத்தைப் பதிவு செய்யும் செலவு. கட்டி முடிக்காத ஃபிளாட் என்றால் விலைக்கு 5 சதவீத ஜி.எஸ்.டி. வேறு, குறைந்த விலை வீடு என்ற வரம்புக்குள் வந்தால் 1 சதவீதம்.

முன்பணத்துக்குப் பத்து லட்சம் குறைகிறது என்றதும் நம் வீடுகளில் முதலில் போவது நகை. அதை அடகு வைத்து, அதுவும் போதாமல் பர்சனல் லோன் எடுத்து, வீட்டுக் கடனையும் சேர்த்து மூன்று தவணை கட்டும் குடும்பங்கள் இருக்கின்றன. வெளியிலிருந்து பார்த்தால் சொந்த வீட்டுக்காரர்கள். உள்ளே மாதக் கடைசியில் மளிகைக் கடையில் பாக்கி. முன்பணமும் கடனாக வரும் வீட்டை வாங்காதீர்கள். இதை எத்தனை முறை வேண்டுமானாலும் சொல்வேன்.

கட்டுமானம் முடியாத ஃபிளாட்டில் இன்னொரு பள்ளம், ப்ரீ-இ.எம்.ஐ. பில்டருக்குப் பணம் தவணை தவணையாகப் போகும். போன தொகைக்கு மட்டும் நீங்கள் வட்டி கட்டிக்கொண்டிருப்பீர்கள். 30 லட்சம் போயிருந்தால் 8.5 சதவீதத்தில் மாதம் 21,250. கட்டடம் இரண்டு வருடம் இழுத்தால் 5 லட்சத்து 10 ஆயிரம் போயிருக்கும். அசல் ஒரு ரூபாய்கூடக் குறைந்திருக்காது. இந்தப் பக்கம் வாடகையும் கட்டிக்கொண்டிருப்பீர்கள்.

இப்போது கையெழுத்துப் போடும் நாளுக்கு வருவோம். மேசைமேல் ஒரு கட்டு பேப்பர். பென்சிலில் பெருக்கல் குறி போட்ட இடமெல்லாம் கையெழுத்து. "இங்க ஒண்ணு சார். மேடம், நீங்க கீழ. ஃபுல் சிக்னேச்சர்." பில்டரின் ஆள் வாசலில் நிற்கிறார், அவருக்கு இன்றைக்கே செக் வேண்டும். யாரும் எதையும் படிப்பதில்லை. அந்தக் கட்டுக்குள்தான் இன்ஷூரன்ஸ் படிவமும் இருக்கும். கேட்டால், "இது கம்பல்சரி சார், ஆர்.பி.ஐ. ரூல்" என்பார்கள். அப்படி ஒரு ரூல் கிடையாது. அவர்கள் நீட்டுகிற பாலிசியைத்தான் எடுக்க வேண்டும் என்று உங்களைக் கட்டாயப்படுத்த முடியாது. ஒரே பிரீமியமாக ஒன்றரை லட்சத்தைக் கடனோடு சேர்த்துவிட்டால், 20 வருடத்தில் 8.5 சதவீத வட்டியோடு நீங்கள் கட்டுவது 3 லட்சத்து 12 ஆயிரம். கடன் தொகைக்குக் காப்பீடு கண்டிப்பாக வேண்டும். அதைத் தனியாக டேர்ம் பாலிசியாக, வருட பிரீமியத்தில், நீங்களே விசாரித்து எடுங்கள். கம்பல்சரி என்று யாராவது சொன்னால், "அப்படின்னா அதை எழுதிக் கொடுங்க மேடம்" என்று கேளுங்கள். பேச்சு அங்கேயே மாறிவிடும்.

வட்டி எந்தத் தேதியிலிருந்து ஓடத் தொடங்குகிறது என்பதையும் பாருங்கள். கடன் அனுமதித்த தேதியிலிருந்தே வட்டி போடுவது, செக்கைப் பல நாள் கழித்துக் கொடுத்துவிட்டு செக்கில் இருக்கும் தேதியிலிருந்து வட்டி போடுவது, மாத நடுவில் கொடுத்த கடனுக்கு முழு மாத வட்டி வாங்குவது என்று சில கடன் நிறுவனங்கள் செய்துவந்ததை ரிசர்வ் வங்கியே தன் ஆய்வில் கண்டு, 2024 ஏப்ரலில் வெளிப்படையாகக் கண்டித்தது. கூடுதலாக வாங்கியதைத் திருப்பிக் கொடுக்கவும் சொன்னது.

"வட்டி போனா என்ன, டாக்ஸ்ல வந்துடும்" என்று சொல்பவர்களுக்கு ஒரு வார்த்தை. பழைய வரி முறையில், குடியிருக்கும் வீட்டுக் கடன் வட்டியில் வருடத்துக்கு 2 லட்சம் வரைதான் கழிக்க முடியும். மேலே சொன்ன கடனில் முதல் வருட வட்டி 4 லட்சத்து 21 ஆயிரம். 30 சதவீத வரி வரம்பில் இருப்பவருக்கே மிச்சமாவது 62,400 ரூபாய். 2023-24 நிதியாண்டிலிருந்து புதிய வரி முறைதான் இயல்பான முறை. அதில் நீங்களே குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குச் சலுகை எதுவும் கிடையாது. வரிக்காக வீட்டுக் கடன் வாங்கச் சொல்பவர் யாராக இருந்தாலும், அந்தப் பேச்சை அதோடு நிறுத்திவிடுங்கள்.

ஆரம்பத்தில் கட்டும் ரூபாய்க்குத்தான் பலம்

கடனை வாங்கியாகிவிட்டது, இனி என்ன செய்வது என்று மலைக்க வேண்டாம். மேலே சொன்ன அதே அட்டவணைதான் தப்பிக்கும் வழியையும் காட்டுகிறது. முதல் வருட முடிவில் ஐந்து லட்சம் ரூபாயைக் கூடுதலாக அசலில் கட்டினால் 48 தவணைகள் காணாமல் போகும். நான்கு வருடம்! கிட்டத்தட்ட 16 லட்சம் வட்டி மிச்சம். இதே ஐந்து லட்சத்தைப் பதினைந்தாவது வருட முடிவில் கட்டினால் குறைவது 16 தவணைதான், மிச்சமாவது இரண்டு லட்சத்துச் சொச்சம். போனஸ், கட்டிக்கொண்டிருந்த சீட்டு எடுத்த பணம், ஊரில் விற்ற நிலத்தின் பங்கு என்று எது வந்தாலும், அவசரத்துக்கு வைத்திருக்கும் தொகை போக மீதியை முதல் ஐந்து வருடத்துக்குள் கொண்டுபோய்க் கட்டுங்கள். பெரிய தொகை வராதவர்கள் வருடத்துக்கு ஒரே ஒரு தவணையைக் கூடுதலாகக் கட்டினாலும் 20 வருடக் கடன் ஏறக்குறைய 16 வருடம் 8 மாதத்தில் முடிந்துவிடும். மிச்சம் 10 லட்சத்துக்குமேல்.

தனிநபருக்கு ஃப்ளோட்டிங் வட்டியில் கொடுத்த வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. இருந்தும், கூடுதலாகக் கட்டினால் ஏதோ பிடித்தம் செய்வார்கள் என்று பயந்து பணத்தைக் குறைந்த வட்டிக்கு எஃப்.டி.யில் போட்டுவைத்திருக்கும் பெரியவர்கள் இருக்கிறார்கள். கூடுதலாகக் கட்டும்போது ஒன்றை மட்டும் விடக் கூடாது. "இது அசலில் கழியட்டும், தவணையைக் குறைக்காமல் காலத்தைக் குறையுங்கள்" என்று எழுத்தில் கொடுத்துக் கையொப்பத்தோடு நகல் வாங்குங்கள்.

வேறு வங்கிக்குக் கடனை மாற்றுவதிலும் கவனம். ஐந்து வருடம் கட்டி 44 லட்சம் பாக்கி இருக்கும்போது, அரை சதவீதம் குறைவு என்று 8 சதவீதத்துக்கு மாறுகிறீர்கள். புது வங்கி மறுபடியும் 20 வருடம் போடுகிறது. தவணை 36,854 ஆகக் குறைந்துவிடும், சந்தோஷமாக இருக்கும். ஆனால் பழைய வங்கியில் மீதி 15 வருடத்துக்குக் கட்ட வேண்டியது 78 லட்சம். புது வங்கியில் கட்டப்போவது 88 லட்சம். வட்டி குறைந்தும் பத்து லட்சம் நஷ்டம். அதே 15 வருடத்துக்கு மாற்றினால் மட்டுமே லாபம், அதுவும் இரண்டு லட்சத்துச் சொச்சம். மாற்றும் செலவு அதிலிருந்து கழிய வேண்டும். பழைய வங்கியிடமே வட்டியைக் குறைக்கச் சொல்லி முதலில் கேட்டுப் பாருங்கள்.

கடைசித் தவணை கட்டிய பிறகும் வேலை இருக்கிறது. கடன் முழுதும் தீர்ந்த 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களை வங்கி திருப்பித்தர வேண்டும். தாமதம் வங்கியுடையது என்றால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும். இது 2023 டிசம்பரிலிருந்து அமலில் இருக்கிறது. சார்பதிவாளர் அலுவலகத்தில் ரசீதுப் பத்திரம் பதிவு செய்து, வில்லங்கச் சான்று எடுத்து, அடமானம் நீங்கியிருக்கிறதா என்று கண்ணால் பார்க்கும்வரை கடன் முடிந்ததாக நினைக்காதீர்கள்.

இனிமேல் கடன் வாங்கப் போகிறவர்கள், பென்சில் குறி போட்ட கட்டைத் தொடுவதற்கு முன்னால் கே.எஃப்.எஸ். எங்கே என்று கேளுங்கள். 2024 அக்டோபர் 1-லிருந்து புதிய சில்லறைக் கடன் ஒவ்வொன்றுக்கும் இந்த முக்கிய விவரத் தாளைத் தருவது கட்டாயம். வட்டியோடு எல்லாக் கட்டணங்களையும் சேர்த்த உண்மையான வருட வட்டி வீதம் அதில் ஏ.பி.ஆர். என்ற தலைப்பில் இருக்கும். விளம்பரத்தில் போட்ட 8.5-ஐ வைத்து வங்கிகளை ஒப்பிடாதீர்கள், ஏ.பி.ஆரை வைத்து ஒப்பிடுங்கள். கடன் வாங்குபவருக்குப் புரியும் மொழியில் அந்தத் தாள் இருக்க வேண்டும் என்பதும் விதி. தமிழில் கொடுங்கள் என்று கேளுங்கள். வீட்டுக்கு எடுத்துப் போய், மனைவியும் வளர்ந்த பிள்ளைகளும் இருக்கும்போது சத்தமாகப் படியுங்கள். புரியாத வரிக்குக் கீழே கோடு போட்டு, மறுநாள் போய்க் கேட்டுவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள். ஒருநாள் தள்ளிப்போவதால் எந்த வீடும் ஓடிப்போகாது.

ஏற்கெனவே கட்டிக்கொண்டிருப்பவர்கள் இந்த வாரமே ஸ்டேட்மென்டும் அமார்ட்டைசேஷன் அட்டவணையும் எழுத்தில் கேட்டு வாங்குங்கள். காலம் நீண்டிருந்தால் யாரைக் கேட்டு நீட்டினீர்கள் என்று அதே தாளில் எழுதிக் கேளுங்கள். வங்கியிடமிருந்து 30 நாளில் பதில் வரவில்லை என்றாலோ, வந்த பதில் திருப்தி இல்லை என்றாலோ ரிசர்வ் வங்கியின் ஒம்பட்ஸ்மேனிடம் புகார் கொடுக்கலாம். அதற்கு வக்கீல் வேண்டாம், கட்டணமும் கிடையாது.